கிழமை இல்லாத நாள்: ஹாபிட்டுகளின் நாட்காட்டி

ஷயர் நாட்காட்டி என்பது ஜே.ஆர்.ஆர். டோல்கீன் தம் 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' நாவலில் வரும் ஷயர் என்ற நாட்டில் வாழும் ஹாபிட்டுகள் என்ற குள்ள மக்களுக்காக அமைத்த காலக் கணக்கு முறை. நாவல் 1954, 1955 ஆகிய ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வெளிவந்தது. மூன்றாம் பாகத்தில் கதை முடிந்த பிறகு வரும் பிற்சேர்க்கைகளில் நான்காவது முழுக்க நாட்காட்டிகளைப் பற்றியது. சில பக்கங்கள்தான். அதற்குள் ஹாபிட்டுகள், கோண்டோர் நாட்டு மனிதர்கள், எல்ஃப்கள் என்ற மூன்று இனத்தாரின் ஆண்டுக் கணக்கும், ஒன்றிலிருந்து மற்றொன்று கிளைத்த வரலாறும், இடையில் செய்யப்பட்ட திருத்தங்களும், திருத்தத் தவறியதால் சேர்ந்த பிழைகளும் அடங்கியிருக்கின்றன. கற்பனை உலகங்களுக்கென உருவான நாட்காட்டிகள் பல உண்டு. பேனாவும் தாளும் எடுத்துக் கணக்குப் போட்டுப் பார்க்கும் வாசகருக்கு இவ்வளவு விடை கொடுப்பவை மிகக் குறைவு.

உலகத்தையே புதிதாகப் படைக்கும் எழுத்தாளர் வானத்தையும் விரும்பியபடி மாற்றிக்கொள்ளலாம். இரண்டு நிலா வைக்கலாம். ஆண்டுக்கு நானூறு நாள் கொடுக்கலாம். டோல்கீன் அதைச் செய்யவில்லை. அவருடைய மிடில்-எர்த் வேறொரு கோள் இல்லை. இதே பூமியின் கற்பனையான பழங்காலம். ஆகவே ஆண்டின் நீளமும் இன்றைய நீளமே என்று பிற்சேர்க்கையின் தொடக்கத்திலேயே சொல்லிவிடுகிறார்: 365 நாள், 5 மணி, 48 நிமிடம், 46 நொடி. பருவங்கள் ஒரு சுற்றுச் சுற்றி மீண்டும் தொடங்கிய இடத்துக்கே வந்துசேர ஆகும் காலம் இது. பருவ ஆண்டு எனப்படும் இந்தக் காலம் நூற்றாண்டுக்கு ஏறத்தாழ அரை நொடி வீதம் குறைந்துவருகிறது. பல ஆயிரம் ஆண்டு பின்னோக்கிப் போனாலும் வேறுபாடு ஒரு நிமிடத்தைத் தொடாது. பழைய பூமிக்கு இன்றைய எண்ணையே கொடுத்தது வானியல்படி பொருந்தும்.

வானம் ஒன்றாகவே இருந்துவிட்டதால், நாட்காட்டிகளுக்கு இடையிலான வேறுபாடுகள் எல்லாம் எண்ணுகிறவர்களிடமிருந்து மட்டுமே வர வேண்டியதாயிற்று. விவசாயம் செய்து, விருந்துண்டு, ஊரைவிட்டு அதிகம் நகராமல் வாழும் ஹாபிட்டுகள் ஒரு விதமாக எண்ணுகிறார்கள். கல்வெட்டும் ஆவணமும் வைத்து அரசு நடத்தும் கோண்டோர் மக்கள் வேறு விதமாக எண்ணுகிறார்கள். சாவே இல்லாத எல்ஃப்களின் எண்ணிக்கை இன்னும் வேறு. இந்த நாட்காட்டிகளின் சிறப்பு இங்கேதான் இருக்கிறது.

எந்த நாட்காட்டிக்கும் முதல் சிக்கல் 365 என்ற எண்தான். அது பன்னிரண்டால் வகுபடாது, ஏழாலும் வகுபடாது. ஹாபிட்டுகள் கண்ட வழி, பன்னிரண்டு மாதங்களுக்கும் தலா 30 நாள் கொடுத்து 360ஐ முடித்துவிட்டு, மீந்த ஐந்து நாளை மாதங்களுக்கு வெளியே நிறுத்துவது. பழைய எகிப்தியரின் ஆண்டும் இப்படியே 12 முப்பதும் ஐந்து தனி நாளுமாக இருந்தது. 1793 முதல் 1805 வரை பிரான்ஸில் நடப்பிலிருந்த புரட்சி நாட்காட்டியும் இதே அமைப்புடையது. ஆனால் அந்த இரண்டிலும் தனி நாட்கள் ஆண்டின் வாலில் மொத்தமாக ஒட்டவைக்கப்பட்டிருந்தன. ஹாபிட்டுகள் அவற்றை இரண்டாகப் பிரித்தார்கள். குளிர்காலத்தில் இரண்டு: ஆண்டின் கடைசி நாளும் அடுத்த ஆண்டின் முதல் நாளும், யூல் நாட்கள் என்ற பெயரில். கோடையின் நடுவில் மூன்று: முதல் லைத், நடுவாண்டு நாள், இரண்டாம் லைத். இந்த ஐந்தும் விருந்துக்கும் ஓய்வுக்கும் உரியவை. வேலை நாட்கள் எல்லாம் மாதங்களுக்குள், விழா நாட்கள் மாதங்களுக்கு வெளியே என்று ஆண்டு தெளிவாகப் பிரிந்து நின்றது. எல்லா மாதமும் முப்பது என்பதால் பிப்ரவரிக்கு இணையான மாதத்துக்கும் முப்பதாம் தேதி உண்டு. நாவலின் காலவரிசைப் பட்டியலில் பிப்ரவரி 30 என்று வரும் பதிவு அச்சுப்பிழை ஆகாது.

ஆண்டுதோறும் மிஞ்சும் ஏறத்தாழ ஆறு மணி நேரத்துக்காக நான்கு ஆண்டுக்கு ஒருமுறை ஒரு நாள் சேர்க்கப்பட்டது. அதன் இடம் நடுவாண்டு நாளுக்கு அடுத்து, பெயர் ஓவர்லைத். லீப் ஆண்டு வந்தால் கோடை விருந்து மூன்று நாளிலிருந்து நான்கு நாளாக நீளும். நூற்றாண்டின் கடைசி ஆண்டில் மட்டும் ஓவர்லைத் கிடையாது.

இதுவரை சொன்னவை ஒழுங்கான ஏற்பாடு என்று மட்டும் பாராட்டத் தக்கவை. ஷயர் நாட்காட்டியை நாட்காட்டி ஆய்வாளர்களையும் கவனிக்க வைப்பது அடுத்து நடந்த ஒரு சீர்திருத்தம். ஏழு நாள் வாரம் 365 நாள் ஆண்டுக்குள் 52 முறை அடங்கி ஒரு நாள் மீதமாகிறது. அந்த ஒரு நாளால்தான் இந்த ஆண்டு திங்களன்று வந்த தேதி அடுத்த ஆண்டு செவ்வாய்க்கு நகர்கிறது. லீப் ஆண்டைத் தாண்டினால் புதனுக்குத் தாவுகிறது. இரண்டாம் இசென்கிரிம் என்பவர் தலைவராக இருந்த காலத்தில் ஹாபிட்டுகள் இந்த நகர்வைத் தொந்தரவாகக் கருதி ஒரு முடிவெடுத்தார்கள். நடுவாண்டு நாளுக்குக் கிழமை கிடையாது. லீப் ஆண்டில் வரும் ஓவர்லைத்துக்கும் கிடையாது. முதல் லைத் வாரத்தின் கடைசிக் கிழமை; அடுத்து, கிழமைப் பெயரே இல்லாத ஒரு நாளோ இரண்டு நாளோ; பிறகு இரண்டாம் லைத் வாரத்தின் முதல் கிழமை.

விளைவு அழகானது. கிழமை உள்ள நாட்கள் 364. அது சரியாக 52 வாரம். ஒவ்வோர் ஆண்டும் வாரத்தின் முதல் நாளில் தொடங்கி வாரத்தின் கடைசி நாளில் முடியும். எந்தத் தேதிக்கும் எல்லா ஆண்டிலும் ஒரே கிழமைதான். இதன் பிறகு ஹாபிட்டுகள் கடிதங்களிலும் நாட்குறிப்புகளிலும் கிழமையை எழுதுவதையே விட்டுவிட்டார்கள் என்கிறது பிற்சேர்க்கை. நாட்காட்டியைச் சுவரில் ஒருமுறை மாட்டினால் தலைமுறைக்கும் போதும்.

கணக்கை இன்னும் சற்று நெருங்கிப் பார்த்தால் வேறொரு நயம் தெரியும். ஷயரில் வாரம் சனிக்கிழமைக்கு இணையான ஸ்டெர்டேயில் தொடங்கி, வெள்ளிக்கு இணையான ஹைடேயில் முடிகிறது. ஆண்டின் முதல் நாளான இரண்டாம் யூல் எப்போதும் ஸ்டெர்டே. அதற்கு அடுத்த நாள், அதாவது முதல் மாதத்தின் முதல் தேதி, ஞாயிறு. முப்பதை ஏழால் வகுத்தால் மீதி இரண்டு. எனவே ஒவ்வொரு மாதப் பிறப்பும் முந்தியதைவிட இரண்டு கிழமை தள்ளி விழும். ஞாயிறு, செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன் என்று ஆறு மாதங்கள் ஆறு வெவ்வேறு கிழமையில் பிறக்கின்றன. ஏழாவதாக வர வேண்டிய வெள்ளி வரும் நேரத்தில் மாதம் தீர்ந்து முதல் லைத் வந்துவிடுகிறது. இரண்டாம் அரையாண்டு முதல் அரையாண்டின் அச்சு நகல்: இரண்டிலும் 182 நாள், 26 வாரம். ஆகவே ஷயரில் எந்த மாதமும் வெள்ளிக்கிழமை பிறப்பதில்லை. 'வெள்ளிக்கிழமை முதல் தேதி' என்றால் ஹாபிட்டுகளின் பேச்சில் ஒருநாளும் வராத நாள் என்று பொருள்; பன்றி பறந்தாலும் மரம் நடந்தாலும் அன்றைக்குத்தான். இந்த மரபுத்தொடரை டோல்கீன் வெறுமனே இட்டுக்கட்டவில்லை. முப்பதுக்கும் ஏழுக்கும் உள்ள உறவிலிருந்து அது தானாகப் பிறக்கிறது. நாவலிலும் இந்தக் கணக்கு பிசகவில்லை. கதையின் தொடக்கத்தில் பில்போ என்ற ஹாபிட் விருந்து வைக்கும் செப்டம்பர் 22 வியாழக்கிழமை என்று குறிக்கப்படுகிறது. ஒன்பதாம் மாதம் வியாழனில் பிறப்பதால் 22ஆம் தேதியும் வியாழன்தான்.

கிழமை இல்லாத நாள் என்ற எண்ணம் டோல்கீனுக்கு முன்பே நிஜ உலகில் புழங்கிவந்தது. மார்க்கோ மாஸ்ட்ரோஃபினி என்ற இத்தாலியப் பாதிரியார் 1834இல் 364 நாளுக்குக் கிழமை கொடுத்து எஞ்சியதை வாரத்துக்கு வெளியே விடும் திட்டத்தை முன்வைத்தார். மோசஸ் காட்ஸ்வொர்த் என்ற ஆங்கிலேயர் 1902இல் 28 நாள் கொண்ட 13 மாதங்களையும் ஒரு தனி நாளையும் கொண்ட நாட்காட்டியை வகுத்தார். கோடாக் நிறுவனம் அதைத் தன் உள்கணக்குகளுக்கு 1928 முதல் 1989 வரை பயன்படுத்தியது. அமெரிக்கரான எலிசபெத் அகெலிஸ் 1930இல் தொடங்கிய உலக நாட்காட்டி இயக்கம் பன்னிரண்டு மாதங்களை வைத்துக்கொண்டு, ஆண்டின் இறுதியில் கிழமையற்ற ஓர் உலக நாளைச் சேர்த்தது. லீப் ஆண்டில் ஜூன் இறுதியில் இன்னொன்று. ஹாபிட்டுகளின் சீர்திருத்தத்துக்கு மிக நெருங்கிய உறவு இதுதான்.

இந்த வரலாற்றில் இந்தியாவுக்கும் ஒரு பங்கு உண்டு. விடுதலைக்குப் பிறகு நாட்டில் வழங்கிய பலவகைப் பஞ்சாங்கங்களை ஆராய 1952இல் அமைக்கப்பட்ட நாட்காட்டிச் சீர்திருத்தக் குழுவுக்கு இயற்பியலாளர் மேகநாத் சாகா தலைவர். அவர் உலக நாட்காட்டியின் ஆதரவாளரும்கூட. அத்திட்டத்தை 1954இல் ஐக்கிய நாடுகளின் பொருளாதார சமூக அவைக்குக் கொண்டுசென்ற நாடு இந்தியா. அமெரிக்கா 1955இல் எதிர்ப்புத் தெரிவித்ததும் முயற்சி படுத்துவிட்டது. ஷயர் சீர்திருத்தம் அச்சேறிய நூல் கடைக்கு வந்ததும் அதே 1955இல்தான். சாகா குழுவின் அறிக்கையும் அவ்வாண்டு வெளிவந்தது; அதன்படி அமைந்த இந்திய தேசிய நாட்காட்டி 1957 மார்ச் 22 அன்று நடைமுறைக்கு வந்தது.

உலக அளவில் தோற்ற திட்டம் ஷயரில் வென்றதற்குக் காரணம் உண்டு. யூதர்களுக்குச் சனி, கிறிஸ்தவர்களுக்கு ஞாயிறு, முஸ்லிம்களுக்கு வெள்ளி என ஏழு நாள் சுழற்சி மூன்று பெரிய சமயங்களின் வழிபாட்டோடு பிணைந்தது. இடையில் கிழமையற்ற ஒரு நாளை நுழைத்தால் அந்தச் சுழற்சி அறுந்துவிடும். வழிபாட்டு நாள் ஆண்டுக்கு ஒரு கிழமை வீதம் நழுவிக்கொண்டே போகும். 1931இல் ஜெனீவாவில் உலக நாடுகள் சங்கம் கூட்டிய மாநாட்டிலேயே இந்த எதிர்ப்பு பலமாக ஒலித்தது. ஹாபிட்டுகளுக்கோ வாராந்திர வழிபாடு கிடையாது. வாரத்தின் கடைசி நாளான ஹைடேயில் நண்பகலுக்கு மேல் விடுமுறை, மாலையில் விருந்து, அவ்வளவுதான். வெளியூர்த் தொடர்பும் குறைவு. எனினும் ப்ரீ என்ற பக்கத்து ஊரைத் தாண்டிப் பயணம் போகிறவர்களுக்கு இந்த ஏற்பாடு அத்தனை வசதியாக இல்லை என்று பிற்சேர்க்கை ஒத்துக்கொள்கிறது. தனி நாட்காட்டி வைத்துக்கொள்ளும் எந்தச் சமூகமும் கொடுக்கும் விலை அது. டோல்கீன் அதை மறைக்காமல் எழுதியது அவருடைய கற்பனையின் நேர்மையைக் காட்டுகிறது.

ஹாபிட்டுகள் இந்த நாட்காட்டியை வெறுமையிலிருந்து உருவாக்கவில்லை. அதன் மூலம், கடலில் மூழ்கிப்போன நூமெனோர் தீவின் அரசர் கணக்கு. அதில் பத்து மாதங்களுக்கு 30 நாள். நடுவாண்டின் இருபுறமும் உள்ள இரண்டு மாதங்களுக்கு 31 நாள். தொடக்கம், நடு, முடிவு என மூன்று நாள் மாதங்களுக்கு வெளியே நிற்கும். லீப் ஆண்டில் நடுநாள் இரண்டாகும். கோடை நடுவில் மாதங்கள் நீளுவதற்கு நிஜ வானிலும் இணை உண்டு. பூமி ஜூலைத் தொடக்கத்தில் சூரியனிலிருந்து மிகத் தொலைவில் இருக்கிறது; அப்போது அதன் வேகம் குறைவு. இந்திய தேசிய நாட்காட்டியில் வைசாகம் முதல் பாத்ரபதம் வரை ஐந்து மாதங்களுக்கு 31 நாள் கொடுத்திருப்பதும், தமிழ்ப் பஞ்சாங்கத்தில் ஆனி 32 நாள் வரை நீளுவதும் இதனால்தான்.

லீப் ஆண்டு விதியில் நூமெனோர் மக்கள் காட்டிய கவனம் வியப்பூட்டுவது. ஆயிரம் ஆண்டில் மிஞ்சும் நேரத்தைக் கூட்டினால் 242 நாளும் 4 மணி 46 நிமிடம் 40 நொடியும் வரும். நான்கு ஆண்டுக்கு ஒரு நாள், நூற்றாண்டு இறுதியில் இல்லை என்ற விதிப்படி சேர்வது 240 நாள். எனவே ஆயிரமாவது ஆண்டின் முடிவில் கூடுதலாக இரண்டு நாள் சேர்த்து 242 ஆக்கினார்கள். எஞ்சிய பற்றாக்குறை அந்த 4 மணி 46 நிமிடம் 40 நொடி மட்டும். டோல்கீன் அந்த நொடிக் கணக்கை அப்படியே அச்சில் கொடுத்திருக்கிறார். வகுத்துப் பார்த்தால் சரியாக இருக்கிறது. இன்று உலகம் பயன்படுத்தும் கிரெகோரியன் நாட்காட்டி 400 ஆண்டில் 97 நாளைச் சேர்க்கிறது. ஆயிரம் ஆண்டுக்கு 242.5 நாள். அது ஒரு நாள் பிசக ஏறத்தாழ 3,200 ஆண்டு ஆகும். நூமெனோர் முறை ஒரு நாள் பிசக 5,000 ஆண்டு ஆகும். 1582க்கு முன் ஐரோப்பாவில் இருந்த ஜூலியன் நாட்காட்டியோ 128 ஆண்டிலேயே ஒரு நாள் தவறியது.

ஆனால் நல்ல விதி இருந்தால் போதாது, அதை நினைவில் வைத்துச் செயல்படுத்த அரசு வேண்டும். கதையின் இரண்டாம் யுகம் 3441ஆம் ஆண்டில் முடிந்து, மூன்றாம் யுகத்தின் எண்ணிக்கை மீண்டும் ஒன்றிலிருந்து தொடங்கியது. அப்போது லீப் ஆண்டு வர வேண்டிய இடத்திலிருந்து ஓராண்டு தள்ளிப்போயிற்று. ஆயிரமாண்டுத் திருத்தம் 441 ஆண்டு தாமதமாக நடந்தது. சேர்ந்த பிழையைச் சரிசெய்ய மார்டில் என்ற அரசப் பிரதிநிதி 2059ஆம் ஆண்டுக்கு இரண்டு நாள் கூட்டி, 2060 முதல் புதிய கணக்கை நடைமுறைப்படுத்தினார். அதில் எல்லா மாதத்துக்கும் 30 நாள். பழைய 31களிலிருந்து விடுபட்ட இரு நாள் வசந்தத்திலும் இலையுதிர் காலத்திலும் தனி நாட்களாக நின்றன. பிறகு ஹாடோர் என்பவர் 2360இல் ஒரு நாள் சேர்த்தார். 3000ஆவது ஆண்டில் சேர்க்க வேண்டியதைச் சேர்க்கவில்லை; போர் மூளும் அச்சத்தில் நாட்காட்டியை யாரும் நினைக்கவில்லை. ரோமானிய வரலாற்றில் இடைச்செருகல் மாதம் அரசியல் குழப்பங்களால் விடுபட்டு ஆண்டு பருவத்தைவிட்டு விலகிப்போன நிகழ்ச்சியை அறிந்தவர்களுக்கு இந்தப் பகுதி மிகவும் பழக்கமானதாகத் தோன்றும். எந்தக் கற்பனை நாட்காட்டியிலும் அரிதாகக் காணப்படுவது இதுதான்: தவறுகளின் வரலாறு.

ஹாபிட்டுகள் மார்டிலின் புதிய கணக்கை ஏற்காமல் தங்கள் வழியிலேயே போனார்கள். அவர்களுடைய ஆண்டு எண்ணிக்கை, பிராண்டிவைன் ஆற்றைக் கடந்து ஷயரில் குடியேறிய ஆண்டிலிருந்து தொடங்கியது. மூன்றாம் யுகம் 1601 அவர்களுக்கு முதல் ஆண்டு. முன்பே குடியிருந்த ப்ரீ ஊராருக்கோ 1300தான் முதல் ஆண்டு. இதனால் ஒரு வேடிக்கை நேர்கிறது. ஓவர்லைத் விடுபடும் ஆண்டு ஷயர்க் கணக்கில் நூற்றாண்டின் கடைசி ஆண்டு. ப்ரீ கணக்கில் அதே ஆண்டு நூற்றாண்டின் முதல் ஆண்டு. 1700ஐ எடுத்தால் ஷயருக்கு 100, ப்ரீக்கு 401. இதையும் டோல்கீன் ஓர் அடிக்குறிப்பில் சொல்லத் தவறவில்லை.

எல்ஃப்களின் கணக்கு அளவிலேயே வேறு. அவர்களுக்கு 'யேன்' என்பது 144 சூரிய ஆண்டு, 52,596 நாள். ஆறு, பன்னிரண்டு என்று எண்ணுவது அவர்கள் வழக்கம். வாரத்துக்கு ஆறு நாள்; ஒரு யேனுக்குச் சரியாக 8,766 வாரம். ரிவெண்டல் பள்ளத்தாக்கில் இருந்த எல்ஃப்கள் ஓர் ஆண்டை ஆறு பருவமாகப் பிரித்தார்கள். கோடைக்கும் குளிருக்கும் 72 நாள். வசந்தம், அறுவடை, இலையுதிர்தல், துளிர்க்கும் முன்காலம் என்ற மற்ற நான்குக்கும் 54 நாள். மொத்தம் 360. முதலில் ஒன்று, முடிவில் ஒன்று, அறுவடைக்குப் பின் மூன்று எனத் தனி நாட்கள் ஐந்து. மிகுநாளை நான்கு ஆண்டுக்கு ஒருமுறை சேர்க்கும் அவசரம் அவர்களுக்கு இல்லை. பன்னிரண்டு ஆண்டு காத்திருந்து, நடுவிலுள்ள மூன்று நாளை ஆறாக்கிவிடுவார்கள். 432 ஆண்டுக்கு ஒருமுறை அந்தச் சேர்ப்பை விட்டுவிடுவார்கள். இப்படி 432 ஆண்டில் சேர்வது 105 நாள். ஆண்டின் சராசரி நீளம் 365.2431 நாள். ஒரு நாள் பிசக ஆயிரம் ஆண்டுக்கு மேல் ஆகும். இடைப்பட்ட பன்னிரண்டு ஆண்டில் புத்தாண்டு பருவத்திலிருந்து ஏறக்குறைய மூன்று நாள் நகர்ந்திருக்கும். ஆயிரக்கணக்கான ஆண்டு வாழ்கிறவர்களுக்கு அது ஒரு பொருட்டாக இல்லை.

வாரத்தின் கதையும் இவர்களிடமிருந்தே தொடங்குகிறது. எல்ஃப்களின் ஆறு கிழமைகள் விண்மீன், சூரியன், நிலா, இரு மரங்கள், வானம், தெய்வ சக்திகள் என்பவற்றுக்கு உரியவை. கடலோடிகளான நூமெனோர் மக்கள் வானத்துக்கு அடுத்ததாகக் கடலுக்கு ஒரு நாளைச் சேர்த்து ஏழாக்கினார்கள். ஹாபிட்டுகள் அவற்றைத் தங்கள் மொழியில் பெயர்த்து, காலப்போக்கில் பொருளை மறந்து, ஒலியை மட்டும் வைத்துக்கொண்டார்கள். கடலைக் கண்ணால் பார்த்திராத ஹாபிட்டுகளின் வாரத்திலும் மெர்ஸ்டே என்ற கடல் நாள் இருக்கிறது.

மாதப் பெயர்களில் டோல்கீனின் தொழில் தெரிகிறது. ஆக்ஸ்ஃபோர்டில் 1925 முதல் 1945 வரை ஆங்கிலோ-சாக்ஸன் பேராசிரியராக இருந்தவர் அவர். ஆஃப்டர்யூல், சோல்மத், ரெத்தெ, ஆஸ்ட்ரான், த்ரிமிட்ஜ், ஃபோர்லைத், ஆஃப்டர்லைத், வெட்மத், ஹாலிமத், விண்டர்ஃபில்த், ப்ளாட்மத், ஃபோர்யூல் என்ற பன்னிரண்டும், பீட் என்ற துறவி கி.பி. 725இல் காலக் கணக்கைப் பற்றி எழுதிய இலத்தீன் நூலில் பதிவுசெய்த பழைய ஆங்கில மாதப் பெயர்களின் தேய்ந்த வடிவங்கள். அந்தப் பெயர்கள் நாட்டுப்புற வாழ்க்கையைச் சுமந்தவை. த்ரிமிட்ஜின் மூலச் சொல்லுக்குப் பொருள் 'மூன்று கறவை'. புல் செழித்து மாடுகளை நாளுக்கு மூன்று வேளை கறந்த மாதம் அது. வெட்மத் களை மண்டும் மாதம். ப்ளாட்மத் குளிருக்கு முன் கால்நடைகளைப் பலியிட்ட மாதம். லைத்துக்கு மூலமான லிதா என்றால் இதமானது. காற்று அடங்கிக் கடல் படகோட்ட ஏற்றதாகும் பருவம்.

பீட் சொல்லும் பழைய ஆங்கில ஆண்டு நிலாவை ஒட்டியது. பன்னிரண்டு நிலா மாதம் சூரிய ஆண்டுக்கு ஏறத்தாழ 11 நாள் குறையும் என்பதால், தேவையான ஆண்டுகளில் கோடையில் மூன்றாவது ஒரு லிதா மாதம் செருகப்பட்டது. டோல்கீன் நிலாவை விட்டுவிட்டு மாதங்களைச் சூரியக் கணக்குக்கு மாற்றினார். ஆனால் மிகுதியைச் சேர்க்கும் இடத்தை மாற்றவில்லை. ஷயரின் ஓவர்லைத் அந்த மூன்றாம் லிதாவின் சுருங்கிய வாரிசு.

நடுவாண்டு நாள், வடபாதியில் பகல் மிக நீண்டிருக்கும் கோடைக் கதிர்த்திருப்பத்தோடு கூடியமட்டும் பொருந்த வேண்டும் என்பது இந்த நாட்காட்டியின் நோக்கம். அப்படியானால் ஷயர்த் தேதிகள் இன்றைய தேதிகளைவிடப் பத்து நாள் போல முன்னால் ஓடும்; இன்றைய ஜனவரி 1 அவர்களுடைய முதல் மாதத்தின் ஒன்பதாம் தேதிக்கு அருகில் விழும். நாவலின் செப்டம்பர் 22ஐ இன்றைய தேதிக்கு மாற்றினால் செப்டம்பர் 12க்கும் 14க்கும் இடையில் வரும். ஆண்டின் இரு பாதியையும் சமமாக வைத்ததும் வானத்தோடு நன்றாக ஒத்துப்போகிறது. கோடைக் கதிர்த்திருப்பத்திலிருந்து குளிர்காலக் கதிர்த்திருப்பம் வரை ஏறத்தாழ 183.5 நாள், அங்கிருந்து மீண்டும் கோடைக்கு 181.8 நாள். பூமியின் வேகமான ஓட்டமும் மெதுவான ஓட்டமும் இந்த இரு பாதிக்குள் அநேகமாகச் சமமாகப் பங்கிடப்படுவதால், லைத் ஒரு கோடியில் நின்றால் யூல் தானாகவே மறு கோடியில், பகல் மிகக் குறுகிய நாளில், வந்து நிற்கும்.

நிலா நாட்காட்டிக்குள் இல்லாவிட்டாலும் கதைக்குள் இருக்கிறது. அங்கே அது டோல்கீனைப் படாதபாடு படுத்தியது. ஒரே நாளில் வெவ்வேறு திசையில் நடந்துகொண்டிருக்கும் கதைமாந்தர்களின் வானில் நிலா ஒரே பிறையைக் காட்ட வேண்டும். 1944 மே மாதம் தம் மகன் கிறிஸ்டோஃபருக்கு எழுதிய கடிதத்தில், கதையின் முக்கியமான நாட்களில் நிலா ஓரிடத்தில் உதித்துக்கொண்டிருக்கும்போதே வேறிடத்தில் மறைந்துகொண்டிருந்ததைக் கண்டுபிடித்ததாகவும், முந்தைய அத்தியாயங்களைத் திருத்துவதில் ஒரு பிற்பகல் போய்விட்டதாகவும் தெரிவிக்கிறார். கடைசியில் அவர் 1942இல் இங்கிலாந்து வானில் நிலா நடந்த கணக்கை அடிப்படையாகக் கொண்டு பிறைகளை ஒழுங்குபடுத்தினார்.

கதை முடியும்போது நாட்காட்டியும் ஒருமுறை மாறுகிறது. பகைவன் சௌரான் வீழ்ந்த மார்ச் 25ஐ ஆண்டின் முதல் நாளாக வைத்துக் கோண்டோரில் புதிய கணக்கு தொடங்கியது. இங்கிலாந்திலும் 1752இல் நாட்காட்டி மாறும் வரை சட்டப்படியான புத்தாண்டு மார்ச் 25தான். கன்னி மரியாளுக்கு வானதூதர் செய்தி சொன்ன திருநாள் அது. புதிய கணக்கில் எல்லா மாதமும் 30 நாள். ஆண்டின் நடுவில் மூன்று தனி நாள். அவற்றுக்கு முந்தைய நாள் கதைநாயகன் ஃப்ரோடோவின் பிறந்தநாளான பழைய செப்டம்பர் 22. அது மோதிரத் திருநாள் ஆயிற்று. லீப் ஆண்டில் இரட்டிப்பது அந்தத் திருநாளே.

ஷயர் மக்கள் இந்த மாற்றத்தையும் ஏற்கவில்லை. பழைய மாதங்களும் யூலும் லைத்தும் அப்படியே தொடர்ந்தன. ஆண்டு எண்ணும் 1422, 1423 என்று நகர்ந்தது. புதிதாக ஒன்று மட்டும் சேர்ந்தது: நான்காம் மாதமான ஆஸ்ட்ரான் 6ஆம் தேதி, பில்போ விருந்து வைத்த மைதானத்தில் ஆட்டமும் பாட்டமுமாக ஒரு விழா. அது தோட்டக்காரர் சாமின் பிறந்தநாள் என்றார்கள் சிலர். 1420இல் அந்த மைதானத்தில் பொன்மரம் முதல்முதலாகப் பூத்த நாள் என்றார்கள் வேறு சிலர். எல்ஃப்களின் புத்தாண்டு நாள் என்றார்கள் இன்னும் சிலர். ரிவெண்டல் கணக்கின்படி எல்ஃப்களின் ஆண்டு பிறப்பதும் ஆஸ்ட்ரான் 6ஐ ஒட்டித்தான்.